ஐஸ் ஸ்டாப்பில் ஒன்றுமில்லை

துபாயின் தேராவில் தங்கக் கடைத் தெருவுக்குப் பின்னால் இருந்த அந்த டிராவல்ஸ் ஆபீஸில், ஐரோப்பா டூர் என்று யார் வந்து கேட்டாலும் பிரபாவதியின் மேஜைக்குத்தான் கைகாட்டுவார்கள். மற்ற மேஜைகளில் டிக்கெட் கிடைக்கும். பிரபாவதியிடம் போனால் அந்த ஊரே கிடைக்கும்.

"நார்வேல அந்த மலை ரயில்ல வலது பக்கமா உக்காருங்க. மூணாவது டனல் தாண்டினதும் அருவி வரும். கேமராவ முன்னாடியே ரெடியா வச்சிருங்க. எடுக்கணும்னு நெனைக்கிறதுக்குள்ள போயிரும்" என்பாள். கேட்கிறவர்கள் அந்த நாற்காலியிலேயே வலது பக்கம் திரும்பிப் பார்ப்பார்கள்.

நான் அவளுக்கு எதிர் ஃப்ளாட், இந்தியன் ஸ்கூலில் கணக்கு டீச்சர். எட்டு வருஷமாக ஒரே லிஃப்டில் ஏறி இறங்குகிறவள் என்பதால் ஊருக்குத் தெரியாத ஒன்று எனக்குத் தெரியும். பிரபாவதி ஐரோப்பாவில் காலே வைத்ததில்லை. அவள் வீட்டுக்காரர் அன்பரசன் கத்தாரில் சைட் வேலையில் இருந்தார். வருஷா வருஷம் கிடைத்த லீவெல்லாம் மதுரைக்கே போனது. நாத்தனார் கல்யாணம், கொழுந்தனார் வீட்டு கிரகப்பிரவேசம், மாமனாருக்குக் கண் ஆபரேஷன். ஆபீஸுக்கு இலவசமாக வரும் டூர்களில் முதலாளியும் முதலாளியின் மச்சானும் போய்வந்தார்கள்.

பிறகு அந்த மூணாவது டனல் எங்கிருந்து வந்தது? டூர் முடித்து வருகிறவர்களை அவள் சும்மா விடமாட்டாள். டீ வாங்கிக் கொடுத்து உட்காரவைத்து ஒரு மணி நேரம் குடைவாள். ஹோட்டலில் எந்த மாடி, தயிர் எங்கே கிடைத்தது, எந்த இடத்தில் குளிர் காதை அடைத்தது என்று ஒன்று விடாமல் கேட்டு ஒரு பச்சை அட்டை நோட்டில் எழுதிவைப்பாள். இத்தனை வருஷத்தில் அந்த நோட்டு எந்த டூர் புத்தகத்தையும் விடக் கெட்டியாகிவிட்டது. எங்கள் பிரபாவதி ஏழெட்டுத் தடவை போய்வந்தவள் என்றுதான் துபாய், ஷார்ஜா, அல் ஐன் தமிழர்கள் எல்லாரும் நம்பிக்கொண்டிருந்தார்கள்.

"போயிருக்கேன்னு நான் ஒருநாளும் சொன்னதில்ல கலா. அவங்களா நெனச்சிக்கிட்டா நான் என்ன செய்ய?" என்பாள் என்னிடம்.

"போனதில்லன்னும் சொன்னதில்லையே."

"கணக்கு டீச்சர்னு காட்டாத. இது தெரிஞ்சா நாளைக்கு என் மேஜைக்கு எவன் வருவான்?"

அது உண்மை. அந்தப் பெயர் ஒன்றுதான் அவளுடைய சொத்து.

2007 ஜூலை. ஸ்கூல் லீவு. வெளியே நாற்பத்தெட்டு டிகிரி. பிரபாவதி போட்டுக் கொடுத்த நார்வே டூரில் நானும் என் கணவரும் பெயர் கொடுத்திருந்தோம். முப்பத்தோரு பேர், அத்தனையும் தமிழ்க் குடும்பங்கள். கிளம்ப மூன்று நாள் இருக்கும்போது எங்களைக் கூட்டிப்போகவேண்டிய டூர் மேனேஜர் க்ரீக் கடற்கழியில் அப்ரா படகிலிருந்து இறங்குகையில் வழுக்கி விழுந்து கணுக்காலை உடைத்துக்கொண்டார். ஆபீஸில் விசா குத்திய பாஸ்போர்ட் இன்னொன்றுதான் இருந்தது. அது பிரபாவதியுடையது. போன மாதம் அவளுக்கென்று விசா எடுத்து, கடைசி நேரத்தில் முதலாளியின் மச்சான் ஏறிப் போய்விட்ட டூரின் புண்ணியம்.

"எங்க ஆபீஸ்லயே அனுபவசாலி உங்களோட வர்றாங்க" என்று முதலாளி எல்லாருக்கும் ஃபோன் போட்டுச் சொல்லிவிட்டார்.

அன்று சாயங்காலம் பிரபாவதி என் வீட்டுக்குள் ஓடிவந்து என் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டு சுற்றினாள். நாற்பத்தைந்து வயதுப் பொம்பளை, சோபா இடிக்க இடிக்கச் சுற்றினாள். பிறகு சட்டென்று நின்றாள்.

"கலா, எல்லாம் நான் பாத்த இடமா இருக்கணுமே. நான் எப்படி வாயப் பொளந்து பாக்க முடியும்?"

அந்தக் கொடுமையைத்தான் நான் மூன்று நாள் பக்கத்திலிருந்து பார்த்தேன். ரோட்டின் இரண்டு பக்கமும் மலையிலிருந்து தண்ணீர் கொட்டுகிறது. எண்ணி முடியவில்லை. பாலைவனத்து ஆட்கள் நாங்கள், ஏசியிலிருந்து சொட்டும் தண்ணீரையே பக்கெட் வைத்துப் பிடிக்கிறவர்கள். பஸ் முழுக்க ஒரே கூச்சல். ஜன்னல் கண்ணாடியில் மூக்கு ஒட்டாத ஆள் இல்லை. பிரபாவதி மட்டும் முன்னால் மைக்கைப் பிடித்துக்கொண்டு, "இது சின்னதுதாங்க, பெருசு பின்னாடி வருது" என்று கொட்டாவி விடாத குறையாகச் சொல்வாள். சொல்லிக்கொண்டே அவள் ஓரக்கண்ணால் ஜன்னலைத் திருடுவதை நான் மட்டும்தான் பார்த்தேன்.

மலை ரயிலில் மூணாவது டனல் வந்தது. "மூணு, ரெண்டு, ஒண்ணு" என்றாள். சொல்லி வைத்தாற்போல் வலது பக்கம் அருவி வெடித்துக்கொண்டு வந்தது. எல்லாரும் கைதட்டினார்கள். எங்களைப் பார்த்தபடி நின்றிருந்ததால் அவள் அருவியைப் பார்க்கவில்லை. மறுநாள் காலைச் சாப்பாட்டின்போது என்னிடம் ரகசியமாகக் கேட்டாள்: "எப்படிடி இருந்துச்சு?" எனக்குச் சிரிப்பும் வந்தது, வயிற்றெரிச்சலாகவும் இருந்தது.

நான்காம் நாள் பனியாறு. நார்வேக்காரர்கள் வைத்த பெயர் எங்கள் வாயில் நுழையாததால் எல்லாருமே அதை ஐஸ் ஸ்டாப் என்றோம். பஸ் நிற்கிற இடத்தில் ஒரு கடை. அங்கிருந்து அருவியோரமாக நாற்பது நிமிஷம் மேலே நடந்தால் பனி. ஆனால் பிரபாவதியின் நோட்டில் அந்தப் பக்கம் வேறு மாதிரி இருந்தது. அவள் மைக்கில் அப்படியே சொன்னாள்.

"இங்க நடக்கவேண்டியதில்லைங்க. மேல ஒண்ணுமில்ல, அழுக்கு ஐஸ்தான். கடைல சூடா வாஃபிள் கிடைக்கும். முட்டை போட்டதான்னு கேட்டு வாங்கிக்குங்க. ரெண்டு மணி நேரம் ரெஸ்ட்."

ஷூக்கள் கழன்றன. மிக்சர் பொட்டலங்கள் பிரிந்தன.

அப்போது அந்த இடத்து கைடு பஸ் படியில் ஏறினாள். மழைக்கோட்டு போட்ட கல்லூரிப் பெண். ஆங்கிலத்தில் கேட்டாள்: இன்றைக்காவது யாராவது நடக்க வருகிறீர்களா? ஐந்து கோடைகாலமாக இங்கே வேலை பார்க்கிறாளாம். எல்லா தேசத்துக்காரர்களும் நடக்கிறார்களாம், துபாயிலிருந்து வரும் உங்கள் கம்பெனி பஸ்ஸிலிருந்து மட்டும் ஒருவர்கூட இறங்கியதில்லையாம். உங்கள் மதத்தில் ஏதாவது தடையா என்று மரியாதையாக விசாரித்தாள்.

பிரபாவதி விழித்தாள். அதற்குள் மூன்றாவது வரிசையிலிருந்து கல்யாணசுந்தரம் சார் எழுந்து வந்தார். அல் ஐன் சிமென்ட் ஃபேக்டரியில் இன்ஜினீயர், அடுத்த வருஷம் ரிடையர் ஆகிறவர். மனைவி சுந்தராம்பாளுக்கு இரண்டு முட்டியும் கோயம்புத்தூரில் மாற்றி, நடக்க ஆரம்பித்த சந்தோஷத்தில் இரண்டாம் தடவையாக அழைத்து வந்திருந்தார். நான் முதல் சீட்டில் இருந்ததால் அவர் முணுமுணுத்தது எனக்குக் கேட்டது.

"மேடம், நீங்க பாத்தவங்கதானே? எப்படி ஒண்ணுமில்லன்னு சொல்றீங்க?"

"நீங்கதான சார் சொன்னீங்க" என்றாள் பிரபாவதி, இன்னும் மெதுவாக. "ரெண்டாயிரத்துல. என் மேஜைல உக்காந்து."

அவர் முகம் வெளுத்துவிட்டது. "அய்யய்யோ. அன்னிக்குப் பக்கத்துல சுந்தரா இருந்தாளே மேடம்! முட்டி வலியில அவளால இறங்க முடியல. நீங்களாச்சும் போயிட்டு வாங்கன்னு என்னை அனுப்பினா. மேல போய்ப் பாத்தா... அத எப்படி வந்து அவகிட்ட சொல்றது? ஒண்ணுமில்ல, வெறும் அழுக்கு ஐஸுன்னு சொல்லிட்டேன். உங்க ஆபீஸ்லயும் அவ முன்னாடி அதத்தானே சொல்லணும்?"

இப்போது அவருக்கு இன்னொன்றும் புரிந்தது. "அப்ப நீங்க வந்ததே இல்லையா?"

மனைவியின் மனம் நோகக்கூடாது என்று ஒரு மனுஷர் சொன்ன பொய்யை ஏழு வருஷமாக நோட்டில் எழுதிவைத்து, வந்தவர்களுக்கெல்லாம் விற்றிருக்கிறாள். நான் அவள் புடவையைப் பிடித்து இழுத்தேன். "இன்னிக்கு வெயில் நல்லா இருக்கு, அதனால நடக்கலாம்னு சொல்லிடு" என்று கிசுகிசுத்தேன்.

அதையேதான் முதலில் சொல்லிப் பார்த்தாள். பஸ்ஸில் ஒருவரும் அசையவில்லை. தேராவில் மசாலாக் கடை வைத்திருப்பவரின் மனைவி ஹபீபுன்னிசா, மடியில் மிக்சரோடு சிரித்தாள்.

"வேணாம் மேடம். போன வருஷம் எங்க தங்கச்சி குடும்பம் வந்துச்சு. நீங்க சொன்னீங்கன்னு இதே எடத்துல பஸ்ஸுலயே உக்காந்து மிக்சர் தின்னுட்டுத்தான் வந்துச்சுங்க. நீங்க சொன்னா எங்களுக்கு அது போதும்."

அந்த நம்பிக்கைதான் அவளை உடைத்தது. மைக்கை வாய்க்குப் பக்கத்தில் கொண்டுபோனாள்.

"எல்லாரும் ஒரு நிமிஷம் கேளுங்க. நான் இங்க வந்ததே இல்ல. இங்கன்னு இல்ல, எங்கயுமே போனதில்ல. எனக்கு இதுதான் முதல் டூர். போயிட்டு வர்றவங்ககிட்ட கேட்டுக் கேட்டு எழுதி வச்சு உங்களுக்குச் சொன்னேன். மேல ஒண்ணுமில்லன்னு எழுதினது தப்பு. அது என் தப்பு. தயவு பண்ணி இறங்கி வாங்க. திட்டுறதா இருந்தா மேல வந்து திட்டுங்க."

கல்யாணசுந்தரம் சார் தலையைக் குனிந்துகொண்டார். அவர் பெயரை அவள் இழுக்கவில்லை.

"அப்ப அந்த மூணாவது டனல்?" என்றது பின் சீட்டிலிருந்து ஒரு ஆண் குரல்.

"கேட்டு எழுதினது சார்."

"கரெக்டா இருந்துச்சே!"

ஹபீபுன்னிசா மிக்சர் பொட்டலத்தை மடக்கினாள். ஷூவைத் தேடினாள். "அப்ப என் தங்கச்சி இம்புட்டுத் தூரம் வந்து வெறும் மிக்சர் தின்னுட்டாளா? எழுந்திரிங்க எல்லாரும்! யல்லா, கிளம்புங்க!"

அவ்வளவுதான். பஸ் குலுங்கியது. யாருடைய குல்லாய் யார் தலையில் என்று தெரியாமல் முப்பத்தோரு பேரும் இறங்கினோம். கைடு பெண் இரண்டு முறை எண்ணினாள். அவளால் நம்ப முடியவில்லை.

பாதை ஒரு மரப்பாலத்தைக் கடந்தது. பக்கத்திலேயே அருவி விழுந்து எங்களை முழுக்க நனைத்தது. பிரபாவதி பாலத்தின் நடுவில் நின்று முகத்தை நீட்டிக் கொடுத்தாள். "ஐயோ கலா! ஐயோ, இதப் பாருடி!" என்று கத்தினாள். மூன்று நாளாக அடக்கிவைத்ததெல்லாம் சேர்ந்து வந்தது. ஒவ்வொரு திருப்பத்திலும் கத்தினாள். கல்லைப் பார்த்துக் கத்தினாள், ஆட்டைப் பார்த்துக் கத்தினாள். அவளைப் பார்த்து நாங்களும் வெட்கத்தை விட்டுக் கத்தினோம்.

கடைசித் திருப்பத்தைத் தாண்டினோம். இரண்டு மலைக்கு நடுவில் பனி இறங்கி நின்றது. வெள்ளை இல்லை, நீலம். உள்ளே யாரோ விளக்கு ஏற்றி வைத்த மாதிரி நீலம். அதன் அடியிலிருந்து ஆறு சீறிக்கொண்டு வெளியே வந்தது. எங்கோ உள்ளே ஒரு பாளம் உடைந்த சத்தம் வயிற்றில் கேட்டது. பிரபாவதியைத் திரும்பிப் பார்த்தேன். இரண்டு கைகளாலும் வாயைப் பொத்திக்கொண்டு அழுதுகொண்டிருந்தாள். எனக்கும் அடக்க முடியவில்லை.

சுந்தராம்பாள் கடைசியாக வந்து சேர்ந்தார். புது முட்டிகளோடு, கணவர் தோளைப் பிடித்தபடி. நிமிர்ந்து பார்த்தார். நெடுநேரம் பார்த்தார். பிறகு கணவர் பக்கம் திரும்பினார்.

"இதப் பாத்துட்டு வந்தா என்கிட்ட ஒண்ணுமில்லன்னு சொன்னீங்க?"

"நீ பஸ்ஸுல தனியா உக்காந்திருந்தியே சுந்தரா."

"ஏழு வருஷம்! ஏழு வருஷமா ஒரு வார்த்தை சொல்லல!" என்று அவர் புஜத்தில் ஓங்கி அடித்தார். அடித்த கையை எடுக்கவில்லை. "சரி, புடிங்க. இன்னும் கிட்ட போகணும்."

நேரம் பார்க்க ஒருவருக்கும் தோன்றவில்லை. அடுத்த ஊருக்குப் போகப் பிடிக்கவேண்டிய படகைத் தவறவிட்டோம். அடுத்ததற்கு ஒன்றரை மணி நேரம் நனைந்த உடையோடு நடுங்கிக்கொண்டு நின்றோம். ஒருவர்கூடக் குறை சொல்லவில்லை.

துபாய் திரும்பிய மறுநாள் பிரபாவதி ஆபீஸுக்கு வந்ததும் ஃபோனை எடுத்தாள். ஏழு வருஷத்தில் அந்த டூருக்கு அனுப்பிவைத்த குடும்பங்களை ஒவ்வொன்றாகக் கூப்பிட்டாள். அபுதாபி, ஷார்ஜா, குவைத்துக்கு வேலை மாறிப் போய் அப்பாசியாவில் இருந்தவர்களைக்கூட விடவில்லை. "நான் தப்பாச் சொல்லிட்டேங்க. போனதே இல்லாம சொன்னேன். மன்னிச்சிருங்க. முடிஞ்சா இன்னொரு தடவை போங்க, மேல நடங்க" என்றாள். சிலர் சிரித்தார்கள். இரண்டு பேர் கோபமாக வைத்துவிட்டார்கள். இது ஏதோ புது வியாபார தந்திரம் என்று நினைத்துக்கொண்டு முதலாளி அவளுக்கு டீ வரவழைத்துக் கொடுத்தார்.

ஹபீபுன்னிசாவின் தங்கை மட்டும் ஃபோனில் விடாமல் கேட்டாளாம். "மறுபடியும் யாராச்சும் சொன்னத வச்சு சொல்லலையே மேடம்? இந்தத் தடவை நிச்சயமாத் தெரியுமா?"

"பாத்தேம்மா" என்றாள் பிரபாவதி. பக்கத்து மேஜைகளெல்லாம் திரும்பிப் பார்க்கும் அளவுக்குக் குரல் உயர்ந்துவிட்டது. "நானே பாத்தேன்!"