பெயர் போடாத பாட்டு

எனக்குப் பத்து வயதில் இருந்த கோபத்தை இன்றைக்கு நினைத்தாலும் முகம் சுடுகிறது.

பாரிசின் லாச்சப்பலில் எங்கள் வீட்டுக்கு மேல்மாடியில் ஒரு பிரேசில்காரர் இருந்தார். தன் நாட்டில் ரொக் குழுவொன்றில் கிற்றார் வாசித்துப் பேர் எடுத்தவர். பிறகு படங்களுக்கு இசையமைக்கத் தொடங்கி, பாரிசுக்கு வந்து தொலைக்காட்சித் தொடர்களுக்கும் இசை போட்டுக்கொண்டிருந்தார். மேடையில் எல்லோரும் தன்னைப் பார்க்கவேண்டும் என்று வாசித்ததாகவும், படத்தில் ஒருவரும் தன்னைக் கவனிக்காதபடி வாசிப்பதுதான் கஷ்டம் என்றும் சொல்வார்.

மன்னாரிலிருந்து வந்த சின்னம்மா அப்போது எங்களுடன் இருந்தார். கடலுக்குப் போய்த் திரும்பாத கணவரை நினைத்துத் தானே கட்டிய பாட்டொன்றைச் சமைக்கும்போது பாடுவார். குசினி ஜன்னல் வழியாக அது மேலே போயிருக்கிறது. ஒருநாள் பிரேசில்காரர் வந்து, தன்னுடைய புதிய தொடருக்கு அதைப் பாடித் தருவாரா என்று கேட்டார். அப்பாவுக்குத் துளியும் விருப்பமில்லை. சின்னம்மா, "நான் பாடுறன் அத்தான்" என்றார். அவர் பேசும் பிரெஞ்சைத் தமிழில் சொல்ல நானும் கூடப் போனேன்.

அவர் அறையிலிருந்த திரையில் ஒரு பெண் ரயில் நிலையத்தில் சும்மா நின்றாள். அவர் சின்னம்மாவின் குரலை அதில் வைத்து, அடியில் கிற்றாரின் ஒற்றைத் தந்தியை மீட்டினார். எனக்கு அழுகை வந்துவிட்டது.

தொடர் ஒளிபரப்பான அன்று செவ்ரானிலிருந்து மாமா குடும்பமும் வந்திருந்தது. பாட்டு முடியும்வரை ஒருவரும் தட்டில் பொரித்து வைத்திருந்த றோல்ஸில் கை வைக்கவில்லை. கடைசியில் பெயர்கள் ஓடின. நாயைப் பழக்கியவருக்குக்கூடப் பெயர் இருந்தது. பாட்டுக்கு நேரே 'மரபுப் பாடல்' என்று மட்டும் போட்டிருந்தார்கள். நான்தான் வாசித்துச் சொன்னேன்.

"பாத்தியே, கள்ளன்!" என்றார் அப்பா.

நான் மேலே ஓடிப்போய்க் கதவைத் தட்டினேன். திறந்தவரைப் பார்த்து, "நீ கள்ளன்! அது என் சின்னம்மாவின் பாட்டு!" என்று படிக்கட்டு முழுக்கக் கேட்கும்படி பிரெஞ்சில் கத்தினேன். "ஓம், அது அவருடைய பாட்டுத்தான்" என்று மட்டும் சொன்னார். முகத்துக்கு நேரே ஒப்புக்கொள்கிற துணிச்சலைப் பார் என்று எனக்கு இன்னும் கோபம் ஏறியது.

கீழே வந்தால் சின்னம்மா அழுதுகொண்டிருந்தார். "ஏனடி அந்த மனிசனைப் பேசினனி?" என்று எனக்கே அடி விழுந்தது. அதன்பின் பிரேசில்காரர் அங்கிருந்து வீடு மாறும்வரை நான் அவருக்கு வணக்கம் சொன்னதில்லை. என் பிறந்தநாளுக்கு அவர் தந்த சொக்கிலேற்றையும் அவர் வாசலிலேயே வைத்துவிட்டு வந்தேன்.

சின்னம்மா, பிரான்சில் தங்குவதற்கான காட் கிடைத்த பிறகுதான் எனக்குச் சொன்னார். பாட்டுப் பாடிய நாட்களில் அவருடைய அகதி விண்ணப்பத்தை இரண்டு தரம் நிராகரித்திருந்தார்கள்; பிடிபட்டால் திருப்பி அனுப்பிவிடுவார்கள். நான் பக்கத்தில் இல்லாத நேரம் பார்த்து, தனக்குத் தெரிந்த நாலைந்து பிரெஞ்சுச் சொற்களில், தன் பெயர் எங்கேயும் வரவேண்டாம் என்று பிரேசில்காரரிடம் கெஞ்சியிருக்கிறார். தான் கட்டிய பாட்டுக்குத் தன் பெயரைப் போடப் பயந்து ஒரு பெண் இருக்கவேண்டியிருந்ததே என்று எனக்கு இப்போதும் கொதிக்கிறது.

அன்று கதவடியில் அதைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் பிரேசில்காரர் என் ஏச்சிலிருந்து தப்பியிருக்கலாம். அந்த வார்த்தையைப் பத்து வயதுப் பிள்ளையிடம் கொடுத்தால் அடுத்த நாளே பள்ளிக்கூடம் போய்ச் சேர்ந்துவிடும் என்பது அப்போது எனக்குத் தெரியாது. அவருக்குத் தெரிந்திருந்தது.