ஜெயராசா வென்ற பீலி

ஹாலிஎலச் சந்தியில் ஜெயராசாவைத் தெரியாதவர்கள் கிடையாது. ஓட்டுவது ஆட்டோ, பேசுவது சட்டம். ஏற்றிய ஆள் இறங்குவதற்குள் தன் காணி வழக்கை முதல் விசாரணைத் தவணையிலிருந்து ஆரம்பித்துவிடுவார். அதற்குப் பயந்தே சிலர் பஸ்ஸுக்குக் காத்து நின்றார்கள்.

வழக்கு சொந்த அக்காள் பூவம்மாவோடு. தேயிலைத் தோட்டத்து லயக் குடியிருப்பை விட்டு வெளியே வந்து அப்பா வாங்கிய சரிவு நிலத்தில் மேல்பாதி அக்காளுக்கு, கீழ்ப்பாதி தம்பிக்கு. எல்லையில் ஒரு பீலி: கல்மேடை, அதன்மேல் விழும் குழாய்த் தண்ணீர். வீடுகளுக்கு நகரக் குழாய் வந்தபிறகும் இரண்டு குடும்பமும் குளிப்பது அங்கேதான். ஜெயராசாவுக்கு அந்த இடத்தில் ஆட்டோ கழுவும் சர்விஸ் ஸ்டேஷன் போட ஆசை வந்தது. “குளிக்கிற எடத்துல கிரீஸா?” என்றாள் பூவம்மா. பேச்சு முற்றியது, பிறகு நின்றது, பிறகு நீதிமன்றம் ஏறியது.

வருஷக்கணக்காக இழுத்த வழக்கில் ஜெயராசா ஜெயித்தார். பதுளை நீதிமன்றத்திலிருந்து கட்டளையை நிறைவேற்ற வந்தவர் பிஸ்கால் உத்தியோகத்தர் குமாரசிங்கம். யாழ்ப்பாணத்துக்காரர், ஆத்திரப்படத் தெரியாத மனிதர். தீர்ப்பில் சொன்ன எல்லையைச் சுற்றி நடந்து, கல் நட்டு, “இந்தாங்கோ, உங்கட காணி” என்று கையெழுத்து வாங்கினார். பூவம்மா தடுக்கவில்லை. மேட்டில் நின்று வேடிக்கை பார்த்தாள். புறப்பட்டவருக்குத் தேத்தண்ணிகூடக் கொடுத்தாள். ஜெயராசாவுக்கு வயிறெரிந்தது. தோற்றவள் கொஞ்சமாவது அழ வேண்டாமா?

அடுத்த ஞாயிறு திறப்புவிழா. வாசலில் வாழை கட்டி, ஸ்பீக்கர் போட்டு, தேங்காய் உடைத்தார். சந்தி ஆட்டோக்கள் எல்லாம் வரிசையில் வந்து நின்றன. முதல் வண்டிக்குச் சந்தனம் வைத்துவிட்டு வாளியைக் குழாயடியில் நீட்டினார். இரண்டு சொட்டு விழுந்தது. பிறகு அதுவும் இல்லை.

ஊற்று இருந்தது மேலே, பூவம்மாவின் நிலத்தில். விடியும் முன்பே அவள் ஊற்றுத் தண்ணீரைத் தன் லீக்ஸ் பாத்திக்குத் திருப்பிவிட்டாள். ஜெயராசாவையும் குறை சொல்ல முடியாது. லயத்தில் பிறந்தவர். லயத்துப் பீலிக்குத் தண்ணீர் மலையிலிருந்து தன்பாட்டில் வரும். அது யார் மலை என்று அங்கே ஒருவரும் கேட்டதில்லை. வக்கீலிடம் கல்மேடையைக் கேட்டார், குழாயைக் கேட்டார், சுற்றியிருந்த மண்ணையும் கேட்டார். தண்ணீரைக் கேட்க வேண்டும் என்று அவருக்குத் தோன்றவேயில்லை.

மறுநாளே பதுளைக்கு ஓடிப்போய் குமாரசிங்கத்தைப் பிடித்தார்.

“ஐயா, நீங்க குடுத்த பீலி காஞ்சு கெடக்குங்க. வந்து தண்ணிய திருப்பி விடுங்க.”

“காணியைக் குடுக்கச் சொல்லித்தான் தீர்ப்பு. குடுத்திட்டன். தண்ணியைப் பற்றி அதில ஒண்டும் இல்லை.”

“அப்ப நீதிபதி ஐயாகிட்ட சொல்றேன்.”

“அவராலயும் ஏலாது. குடுத்த தீர்ப்பை நிறைவேத்தலாம். நிறைவேத்தேக்க புதுசா ஒண்டைச் சேர்க்கேலாது. வேணுமெண்டா புது வழக்குப் போடுங்கோ.” சற்று யோசித்துவிட்டு, “அதைவிட அக்காவோட கதைச்சுப் பாருங்கோவன். தேத்தண்ணி நல்லாப் போடுறா” என்றார்.

புது வழக்கு என்றதும் ஜெயராசா கிளம்பிவிட்டார். பழைய வழக்கிலேயே பாதி ஆயுள் போயிருந்தது. வந்த கோபத்தோடு நேரே அக்காள் வீட்டு மேட்டில் ஏறினார். வழக்குத் தொடங்கியபின் அந்த வாசலை அவர் மிதிப்பது அதுதான் முதல் தடவை.

“தண்ணிய ஏன் அடைச்ச?”

“வந்துட்டியா? ஒக்காரு.”

“ஒக்கார வரல்ல.”

பூவம்மா உள்ளே போய் ஒரு தாம்பாளத்தோடு வந்தாள். வெற்றிலை, பாக்கு, மஞ்சள் தடவிய கல்யாணப் பத்திரிகை. அவள் பின்னால் மகள் மேனுஷா நின்றாள்.

“ஆள் விட்டுச் சொன்னேன், வரல்ல. கோயில்ல கூப்பிட்டேன், மூஞ்சிய திருப்பிக்கிட்ட. தாய்மாமன் மாலை போடாம இவ எப்புடிடா மணவறைக்குப் போவா? ஒன்னைய வரச்சொல்லி கோர்ட்டுல கேட்டா குடுப்பாங்களா? அதான் தண்ணிய அடைச்சேன்.”

ஜெயராசாவின் வாயிலிருந்த சட்டமெல்லாம் எங்கேயோ போய்விட்டது. இந்தப் பிள்ளையைத் தோளில் தூக்கிக்கொண்டு பண்டாரவளைச் சந்தையைச் சுற்றிய மனிதர் அவர். வெட்கமாக இருந்தது. நிமிர்ந்து பார்க்காமல் தாம்பாளத்தை வாங்கிக்கொண்டு உட்கார்ந்தார்.

“தண்ணி எப்பக்கா விடுவ?” என்றார்.

“கல்யாணம் முடியட்டும். இப்ப விட்டா நீ கீழயே நின்னு ஆட்டோ கழுவுவ.”

மேனுஷா செம்பில் ஊற்றுத் தண்ணீர் கொண்டுவந்து நீட்டினாள். ஒரே மூச்சில் குடித்து முடித்தார். அவள் கழுத்தில் அவர் மாலை போடும்வரை, அந்த ஊற்றிலிருந்து அவருக்குக் கிடைத்தது அந்த ஒரு செம்புதான்.