செத்தவள் திரும்பி வந்த சீனப் படம்

எரியும் பல்பின் மேல் தூசி கருகும் வாடை எங்கே வந்தாலும் நின்றுவிடுகிறேன். என் மூக்கு இன்னும் அரியமங்கலத்துப் பட்டறைக் கொட்டகையில்தான் இருக்கிறது. ஐம்பதுகளின் கடைசி, ஒரு மத்தியானம், ஜன்னலெல்லாம் சாக்கு கட்டிய இருட்டு.

பட்டறை, ஸ்ரீரங்கத்தில் எங்கள் பக்கத்து வீட்டு மாமாவுடையது. பினாங்கிலிருந்து திரும்பும்போது ஒரு கான்டனீஸ் படத்தைக் கொண்டுவந்திருந்தார். திரைக்குப் பக்கத்தில் நின்று அவரே தமிழில் கதை சொன்னார். அக்காள் செத்துப்போகிறாள். தங்கை, தான் விரும்பியவனை விட்டுவிட்டு, அக்காள் குழந்தைக்காக அத்தானைக் கட்டிக்கொள்கிறாள்.

என் பக்கத்தில் சின்னக்கா. பெரியக்கா பிரசவத்தில் போனதிலிருந்து, தொட்டியத்து அத்தானுக்கு இவளைத்தான் பேசியிருந்தார்கள். சுமங்கலியாகப் போன பெரியக்காவுக்குப் புடவை வைத்துக் கும்பிட்டும் ஆகிவிட்டது. சின்னக்கா மனசில் வேறொருவன். அது எனக்கு மட்டும் தெரியும். இவள் மறுத்தால் அடுத்தது நான். அது எல்லாருக்கும் தெரியும்.

திரையில் தங்கைக்குக் கல்யாணம் முடிந்தது. பிலிம் சுருள் மாற்றினார்கள். செத்த அக்காள் அத்தான் வீட்டு அறையில் உட்கார்ந்து தலை சீவிக்கொண்டிருந்தாள். கண்ணாடி வழியாக எங்களைப் பார்த்தாள். மாமா பேச்சை நிறுத்திவிட்டார். மிஷின் மட்டும் கடகடத்தது.

"என்னங்க இது, பொதைச்சவ எந்திரிச்சு வந்துட்டா? சீனாவுல அப்படித்தானா?" பின்னாலிருந்து ஒரு அம்மாள். எல்லாரும் சிரித்தார்கள். சின்னக்காவின் நகம் என் மணிக்கட்டில் இறங்கியது.

வீட்டில் அப்பாவிடம் சொன்னாள்: "அவ இன்னும் அந்த வீட்டை விட்டுப் போகலப்பா. வெச்ச புடவையை வாங்கிக்கல. நான் போகமாட்டேன்."

அப்பா அவளைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தார்.

மறுநாள் மாமா என்னிடம் முணுமுணுத்தார். "டப்பா மேல சீன எழுத்து. எனக்குப் பேசத்தான் வரும், படிக்கவா வரும்? மூணாஞ்சுருளைக் கடைசியில மாட்டச் சொல்லிட்டேன், அக்காக்காரி சாகறதுக்கு முந்தின பாகம் அது. வெளிய சொல்லிடாதே, மானம் போயிடும்."

சாயங்காலம் வரை சொல்லவில்லை. அப்பா பெட்டியைத் திறந்து என் ஜாதகத்தை எடுத்தார். ஓடிப்போய்ச் சின்னக்காவிடம் சொல்லிவிட்டேன்.

"அப்ப அவ வரலையா?" என்றாள், யாரையோ எதிர்பார்த்து ஏமாந்தவள்போல. அப்புறம் மறுக்கவே இல்லை.

கல்யாணம் முடிந்து தொட்டியம் பஸ். அத்தான் டிரங்குப் பெட்டியை மேலே ஏற்றிக்கொண்டிருந்தார். மடியில் பெரியக்காவின் குழந்தையோடு சின்னக்கா ஜன்னல் பக்கம் குனிந்தாள். சிரித்துக்கொண்டுதான் கேட்டாள்:

"'உன்னை யாருடி இங்க அனுப்பினது'ன்னு அக்கா கேட்டா, உன் பேரைச் சொல்லட்டுமா?"