லிஃப்டுக்கு அடியில் ஒரு பந்தயம்

லிஃப்ட் மெக்கானிக்குக்கு வீட்டில் வைத்த பட்டப்பெயர் ‘மெயின்’. ஒரு பல்பு மாற்றுவதென்றால்கூட, மொத்த வீட்டுக்கும் மெயினை அணைத்துவிட்டுத்தான் மனுஷன் ஸ்டூலில் ஏறுவார். ஃபேன், மிக்சி, மனைவி பார்க்கும் டிவி சீரியல் எல்லாம் ஒரே நேரத்தில் கண்ணை மூடும். மனைவியின் தம்பிக்கு வாய் சும்மா இருக்காது. “மாமா ஷேவ் பண்றதுன்னாலும் மெயினை அணைச்சுட்டுத்தான் பண்ணுவாரு, இல்லக்கா?” என்பான். அவர் சிரித்துக்கொள்வார். வேலையிலும் அப்படித்தான். லிஃப்டின் அடிப்பள்ளத்தில் கால் வைத்ததும், சுவரிலிருக்கும் சிவப்பு பட்டனைத் தேடி அழுத்துவார். அதை அழுத்திவிட்டால் மேலே இருப்பவன் தலைகீழாக நின்றாலும் லிஃப்ட் அசையாது.

அந்த வாய்க்காரன்தான் சீட்டாட்டத்தில் தலையைக் கொடுத்து மாட்டிக்கொண்டான். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் போனில் அழுதான்.

“மாமா, என்னைப் புடிச்சு வச்சிருக்காங்க. போலீசுக்குப் போனா கொன்னுடுவாங்களாம். அக்காகிட்ட சொல்லிடாதீங்க.”

யாரிடமும் சொல்லாமல் தனியாகக் கிளம்பிப் போனார். அசட்டுத்தனம்தான், ஆனால் கூடப்பிறக்காத தம்பியாயிற்றே.

அது ஒரு பழைய கிடங்கு. வாசலில் பிளாஸ்டிக் கூடை. யாரும் படம் பிடித்துவிடக் கூடாதென்று, வருகிறவர்கள் எல்லோரும் செல்போனை அதில் போட்டுவிட்டுத்தான் உள்ளே போக வேண்டும். ஆட்டத்தை நடத்துபவர் ஒரு வீட்டுமனை புரோக்கர். பேச்செல்லாம் தேன்.

“வாங்க, வாங்க. இன்னைக்கு ஜோடிக்கு ஆள் இல்லையேன்னு பார்த்தேன். சரக்கு லிஃப்ட் மேலேருந்து இறங்கும். நீங்களும் உங்க மச்சானும் கீழே பள்ளத்துல நிக்கணும். எவன் முதல்ல வெளியே ஓடுறானோ அவன் எங்களுக்கு. மத்தவன் வீட்டுக்குப் போகலாம்.”

“மத்தவன் நசுங்கிட்டா?”

“போன மாசம் ஒருத்தன் அப்படித்தான் ஜெயிச்சான்” என்றார் புரோக்கர். சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். நாசமாய்ப் போகிறவர்கள்.

தெருவில் போகிறவர்கள் கண்ணில் படாமலிருக்க, லிஃப்டின் கீழ்வாசலைச் செங்கல் வைத்து அடைத்திருந்தார்கள். பள்ளத்துக்குள் நுழைய ஒரு சின்ன இரும்புக்கதவு மட்டும் இருந்தது. லிஃப்டின் தரை கம்பிவலை. பந்தயம் கட்டியவர்கள் அதன்வழியே வேடிக்கை பார்க்க மாடிக்குப் போய் உள்ளே ஏறிக்கொண்டார்கள், புரோக்கர் உட்பட. இவர்களைப் பள்ளத்தில் தள்ளிவிட்ட காவல்தடியனும் ஆசை தாங்காமல் ஓடிப்போய்த் தொற்றிக்கொண்டான்.

உள்ளே இறங்கியதுமே மெக்கானிக்கின் கை பழக்கதோஷத்தில் சுவரைத் தடவியது. கிரீஸ் அப்பிய பட்டன் ஒன்று விரலில் தட்டுப்பட்டது. வேலை செய்யுமா என்பது கடவுளுக்கே வெளிச்சம். சோதித்துப் பார்க்கவும் வழியில்லை. இப்போதே அழுத்தினால் அத்தனை பேரும் மேல்வாசல் வழியாக இறங்கி ஓடிவந்து பிடித்துவிடுவார்கள். நாலு பக்கமும் சுவர் மட்டும் இருக்கிற இடம்வரை லிஃப்டை வரவிட வேண்டும்.

லிஃப்ட் முனகிக்கொண்டு இறங்கியது. மச்சான் கதவுப் பக்கம் பாய்ந்தான். அவர் அவன் கையை எட்டிப் பிடித்தார்.

“விடுங்க மாமா! என்னைக் கொல்லப் போறீங்களா?”

“பேசாம நில்லுடா.”

மேலே விசில் பறந்தது. வலையில் பதிந்த செருப்புகள் பெரிதாகிக்கொண்டே வந்தன. மச்சான் அவர் காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்துவிட்டான். இரும்பு தலைமுடியை உரசியபோது அவர் பட்டனை அழுத்தினார்.

தடால் என்று நின்றது லிஃப்ட்.

மேலே விசில் அடங்கிப்போனது. பிறகு யாரோ பட்டன்களை மாற்றி மாற்றி அமுக்கினார்கள். கிராதிக் கதவை இழுத்துப் பார்த்தார்கள். எதிரே அவர்களே கட்டிய செங்கல் சுவர்!

“டேய், என்னடா பண்ணினே?” புரோக்கரின் குரலில் தேன் சுத்தமாக வற்றியிருந்தது.

“மெயினை அணைச்சேன்” என்றார் மெக்கானிக்.

இருவரும் இரும்புக்கதவு வழியாக வெளியே வந்தார்கள். கூடையில் யார் யாருடைய போன்களோ மணியடித்துக்கொண்டிருந்தன. அவர் தன்னுடையதைத் தேடி எடுத்துப் போலீசைக் கூப்பிட்டார்.

வந்து சேர்ந்த இன்ஸ்பெக்டர் ஆட்களோடு மேல்வாசலில் நின்றார். மெக்கானிக் பள்ளத்தில் இறங்கிப் பட்டனை விடுவித்தார். மாடிக்கு வந்து, உள்ளே யாரும் கையை வெளியே நீட்ட வேண்டாமென்று வழக்கம்போலச் சொல்லிவிட்டு லிஃப்டை ஏற்றினார். இத்தனை வருட வேலையில் எந்த லிஃப்டும் ஏறிவருவதைப் பார்த்து அவருக்கு இவ்வளவு சந்தோஷம் வந்ததில்லை.

கதவு திறந்தது. மச்சான் கண்ணைத் துடைத்துக்கொண்டு முன்னால் போய் நின்றான்.

“ம், யாரு முதல்ல வெளியே ஓடுறீங்க?”

ஒருவரும் அசையவில்லை.