இரண்டுமுறை சொன்னால் வெட்டிவிடுவேன்

படம் வெட்டித் தொகுக்கிற தொழிலில், நாங்கள் செய்த வேலை ஒருவர் கண்ணிலும் படாவிட்டால்தான் அதை நன்றாகச் செய்திருக்கிறோம் என்று அர்த்தம். அப்படிப் பார்த்தால் பன்னிரண்டு வருடமாக நான் மிகத் திறமாக வேலை செய்திருக்கிறேன்; ஏனென்றால் நான் வெட்டிய படங்களே ஒருவர் கண்ணிலும் படவில்லை.

திருகோணமலைத் துறைமுகப் பக்கத்தில், சொந்தமாக ஒரு கமராவும் சொந்தமாகக் கொஞ்சம் கவலையும் வைத்திருந்த சுயாதீனப் படக்குழுக்களோடு சுற்றியவன் நான். தொழிலை யாரும் சொல்லித் தரவில்லை. ஒரு பழைய கொம்பியூட்டரைக் கழற்றிப் பூட்டி, பழுதாக்கித் திருத்தி, பிழைவிட்டுப் பிழைவிட்டுப் பழகியது. இரவில் நித்திரை வராத ஆளுக்கு அது நல்ல துணை. ஐந்து குறும்படமும் ஒரு முழுப்படமும் வெட்டினேன். முழுப்படத்தின் கடைசிக் காட்சியை எடுக்கமுன் இயக்குநர் கனடாவுக்குப் போய்விட்டார். கதாநாயகனுக்கு இப்போது தலை நரைத்துவிட்டது. இப்படி முடியாத படம் ஒன்று உங்கள் வீட்டு அலுமாரியிலும் கிடந்தால், வாருங்கள், நாங்கள் சொந்தக்காரர்.

நாற்பத்தெட்டு வயதில், தொலைக்காட்சிக்குப் பாடம் தயாரிக்கிற ஒரு சின்ன நிறுவனத்தில் வந்து ஒதுங்கினேன். கடலைப் பார்த்த மேல்மாடியில் இரண்டு அறை. பதினோராம் ஆண்டு விஞ்ஞானம், பன்னிரண்டு பாடம். பாடங்கள் உள்ளூர்க் கேபிளில் போகும். பள்ளிக்கூடங்களுக்குப் பென் ட்றைவில் போகும். முதல் ஆறு பாடத்தையும் பார்த்துவிட்டு மூன்று பள்ளிக்கூடங்கள் ‘எங்களுக்கு இது வேண்டும்’ என்று எழுதித் தந்தால் வேலை தொடரும். இல்லாவிட்டால் எல்லாரும் வீட்டுக்கு. எனக்கு வேலை தேவைதான். அதைவிடப் பெரிய ஆசை ஒன்றும் இருந்தது. வெளியில் சொல்ல வெட்கம். நான் வெட்டிய ஒன்றை யாராவது தொடக்கத்திலிருந்து முடிவுவரை இருந்து பார்க்கவேண்டும்.

தோணி

பொறுப்பாளர் ஹனீபா சேர், கிண்ணியாக்காரர், ஓய்வுபெற்ற அதிபர். நேர்முகத்துக்குப் போகும்போது, என் திறமைக்குச் சாட்சியாக அந்த முழுப்படத்தில் ஒரு காட்சியைக் கொண்டுபோனேன். விடியற்காலை, கரையில் ஒரு வெறுந்தோணி, அதன்மேல் மெல்ல மெல்ல வெளிச்சம் ஏறுகிறது. ஏழு நிமிடம். ஒரு வெட்டுக்கூட இல்லை. வெட்டுகிறவன் வெட்டாமல் விட்டதுதான் அதன் பெருமை என்று எங்கள் குழுவில் எல்லாரும் சொன்னார்கள். எல்லாரும் என்றால் ஐந்து பேர்.

ஹனீபா சேர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு கதிரையை முன்னுக்கு இழுத்தார். மூன்றாவது நிமிடத்தில் மணிக்கூட்டைப் பார்த்தார். ஐந்தாவது நிமிடத்தில் என்னைப் பார்த்தார். கோபமில்லை; பஸ் தரிப்பில் நிற்கிற ஆள் பக்கத்தில் நிற்பவரிடம் கேட்கிற மாதிரிப் பொறுமையாகக் கேட்டார்: “தம்பி, இந்தத் தோணி எப்ப வெளிக்கிடும்?”

வேறு ஒருவரும் விண்ணப்பிக்காதபடியால் எனக்கு வேலை கிடைத்தது.

நீலச் சாறி

பாடம் படிப்பிக்க வந்தவர் பிலோமினா ரீச்சர். முதல் நாள் ஒரு பயணப் பையோடு வந்து இறங்கினார். உள்ளே ஆறு சாறி, தேய்த்து மடித்தபடி. “இதென்ன?” என்றேன். “ஆறு பாடம், ஆறு சாறி” என்றார். நான் சிரித்துவிட்டு அவரை இருத்தி, படத்தொழிலின் முதல் விதியை விளங்கப்படுத்தினேன். ஒரே கதையில் வருகிற ஆள் ஒரே உடுப்பில்தான் வரவேண்டும். முதல் காட்சியில் நீலமும் அடுத்ததில் மஞ்சளும் என்றால் பார்க்கிறவன் குழம்பிவிடுவான். ரீச்சர் தலையாட்டினார். படப்பிடிப்பு நாலு நாள் நடந்தது. நாலு நாளும் அந்த நீலச் சாறியைத் தோய்த்துக் காயவைத்துக் கட்டிவந்தார், பாவம். அதன் மடிப்பு முதல் நாள் இருந்த மாதிரியே இருக்கிறதா என்று படம் எடுத்து வைத்து ஒப்பிட்டுப் பார்த்தேன் நான்.

பாடத் தொடரில் ஒவ்வொரு பாடமும் ஒவ்வொரு நாள் என்பது என் மண்டைக்குள் ஏறவில்லை. ஆறு பாடமும் கேபிளில் கிழமைக்கு இரண்டாக மூன்று கிழமை போய் முடிந்ததும், ஒரு ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து ரீச்சர் நேராக எங்கள் இடத்துக்கு வந்தார். கையில் ஒரு பொட்டலம். கோயிலடியில் இரண்டு பெண்கள் இரக்கப்பட்டுக் கொடுத்த சாறிகள். “அண்ணை,” என்றார், “என்ர மனுசன் கப்பல்ல வேலை செய்யிறது உங்களுக்குத் தெரியும்தானே. இப்ப அவர் என்னை விட்டிட்டுப் போட்டார் எண்டு ஊரெல்லாம் கதை.”

புள்ளி

ஒளித்தொகுப்புப் பாடத்துக்குச் செவ்வரத்தைச் செடி ஒன்று தேவை. வெயில் பட்ட இலையில் மாப்பொருள் இருக்கும், படாத இலையில் இராது. அதை அயடீன் விட்டுக் காட்டவேண்டும். சாடியோடு செடியை இரண்டு நாள் இருட்டறையில் வைத்து, மூன்றாம் நாள் காலை இரண்டு இலையைக் கறுப்புக் கடதாசியால் சுற்றி, கீழே முற்றத்து வெயிலில் வைத்தோம். கமராக்காரன் றூபனுக்கு அந்த வெளிச்சம் பிடித்துக்கொண்டது. அவன் கமரா வில்லையை மாற்ற மேலே போனான். நான் கோணம் சொல்ல அவன் பின்னால் போனேன். இரண்டு பேரும் அங்கே நின்று வெளிச்சத்தைப் பற்றி அரை மணித்தியாலம் கதைத்தோம்.

எங்கள் ஊரில் மான்கள் றோட்டில் மாடு மாதிரித் திரியும் என்பதை நாங்கள் மறந்தது பெரிய பிழை. இறங்கி வந்தபோது ஒரு புள்ளிமான் வாயை அசைத்தபடி கேற்றைத் தாண்டிக்கொண்டிருந்தது. செடியில் மிஞ்சியது கறுப்புக் கடதாசி சுற்றிய இரண்டு இலை மட்டும். நான் தலையில் கைவைத்துக் குந்திவிட்டேன். ரீச்சர் வந்தார், செடியைச் சுற்றிப் பார்த்தார், மானைப் பார்த்தார். “மாப்பொருள் இருக்கிற இலையாப் பாத்துப் பாத்துத் திண்டிருக்கு அண்ணை. இந்தக் கேள்விக்கு மானுக்குத்தான் முழுப் புள்ளி.”

கெட்டிக்காரி

இனி என் சொந்தக் குற்றம். பிலோமினா ரீச்சர் எதையும் இரண்டுமுறை சொல்வார். “அயடீன் விட்டால் கருநீலம்” என்பார். கொஞ்சம் நிற்பார். “அயடீன் விட்டால், கருநீலம்” என்று திரும்பச் சொல்வார். பிறகு பலகையில் எழுதி, ஒரு பக்கமாக ஒதுங்கி, கையைக் கட்டிக்கொண்டு சும்மா நிற்பார். உங்களில் யாராவது படம் வெட்டியிருந்தால் என் கை எப்படித் துடித்திருக்கும் என்று தெரியும். தோணிக்கு வாங்கிய பேச்சு வேறு மனதில் இருந்தது. இரண்டாம் முறை சொன்னதெல்லாம் போயிற்று. நின்றதெல்லாம் போயிற்று. பகலில் அங்கிருந்த ஒரே கொம்பியூட்டரில் மற்றவர்களுக்கு வேலை இருந்ததால் நான் இரவிரவாக வெட்டினேன். முப்பது நிமிடப் பாடம் ஒவ்வொன்றும் பதினாறு நிமிடம் ஆகியது. ஆறு பாடமும் குதிரை மாதிரி ஓடின.

ரீச்சரைக் கூப்பிட்டுப் போட்டுக் காட்டினேன். வாய் திறந்தபடி பார்த்தார். “அண்ணை, நான் இவ்வளவு கெட்டிக்காரியே?”

கடைசி பஸ்

குச்சவெளிப் பள்ளிக்கூடத்திலிருந்து விஞ்ஞான ஆசிரியர் போன் எடுத்தார். ஹனீபா சேர் எல்லாருக்கும் கேட்கும்படி போனை மேசையில் வைத்தார். நான் எழுந்து நின்றேன், ஏதோ பாராட்டு வருகிற மாதிரி. போனில் பேசியவர் மரியாதையான மனிதர். ரீச்சர் நன்றாகப் படிப்பிக்கிறார் என்று தொடங்கினார். சத்தம் தெளிவு என்றார். படம் துப்புரவு என்றார். பிறகு தொண்டையைச் செருமினார். பிள்ளைகள் ஒரு வரியும் முழுதாக எழுதி முடிக்கவில்லையாம். பலகை வந்த வேகத்தில் போகிறதாம். இப்படியென்றால் ‘வேண்டும்’ என்று எழுதித் தர ஏலாதாம்.

“கோவியாதேங்கோ சேர்,” என்றார். “எங்கட பெடியன் ஒருத்தன் கேக்கிறான், இதை வெட்டின ஆளுக்குக் கடைசி பஸ் போகப்போகுதோ எண்டு.”

கொப்பி

ஹனீபா சேர் பள்ளிக்கூடங்களிடம் இரண்டு கிழமை தவணை கேட்டு வாங்கினார். ஆறு பாடத்தையும் திரும்ப விரிக்கவேண்டும். வெட்டி எறிந்ததை எல்லாம் பொறுக்கி ஒட்டவேண்டும். ஆனால் பலகை எவ்வளவு நேரம் நிற்கவேண்டும்? என் தொழிலில் அதற்கு அளவு இல்லை. கடைசியில் தடித்த மட்டை போட்ட ஒரு சீ.ஆர். கொப்பியும் பேனையும் வாங்கினேன். ரீச்சர் சொல்வதைக் கேட்டுக் கேட்டு நானே எழுதினேன். நான் எழுதி முடிக்கமுன் பலகை போனால், பலகையை நீட்டினேன். பத்தாம் ஆண்டோடு பள்ளிக்கூடத்தை விட்ட எனக்குக் கை மெதுவாகத்தான் ஓடும். இந்த வேலைக்கு அதைவிட நல்ல அளவுகோல் கிடைக்காது.

ஒரு விஷயம் நான் எதிர்பார்க்கவில்லை. எழுத எழுத விளங்கத் தொடங்கியது. ரீச்சர் ஏன் இரண்டாம் முறை சொல்கிறார் என்பதும் விளங்கியது: முதலாவது காதுக்கு, இரண்டாவது கைக்கு. நாலாம் பாடத்தில் உயிர்க்கலத்தின் படம் கீறி, கலர் அடித்துக்கொண்டிருந்தபோது விடிந்துவிட்டது. கதவைத் திறந்த றூபன் என்னையும் கொப்பியையும் மாறி மாறிப் பார்த்தான். “அண்ணை, சோதினை எந்த மாதம்?”

முதற் காட்சி

திருத்திய பாடங்களைக் கட்டைபறிச்சானில் ஒரு பள்ளிக்கூடத்துக்கு நாங்களே கொண்டுபோனோம். ஹனீபா சேரின் மோட்டார் சைக்கிளில் கிண்ணியாப் பாலம் தாண்டி, அவர் வீட்டில் ஒரு தேத்தண்ணி குடித்து, அங்கிருந்து மூதூர் றோட்டால். பன்னிரண்டு வருடத்தில் என் முதல் காட்சி இதுதான். மேசைமேல் ஒரு தொலைக்காட்சிப் பெட்டி, முன்னால் முப்பது பிள்ளைகள். ஒளித்தொகுப்புப் பாடத்தின் தொடக்கத்தில் பதினொரு நிமிட— இல்லை, பதினொரு நொடி, செவ்வரத்தை இலைக்குப் பின்னால் வெயில் ஏறி நரம்பெல்லாம் தெரிகிற ஒரு காட்சி வைத்திருந்தேன். இரண்டாவது செடியில் எடுத்தது. மானை விரட்ட ஒரு ஆளை நிறுத்தி எடுத்தது. ஹனீபா சேர் எனக்காகப் பொறுத்துக்கொண்ட ஒரே அழகு.

அதை ஒருவரும் பார்க்கவில்லை. முப்பது பேரும் குனிந்து, தலைப்பை எழுதி, அடிமட்டம் வைத்துக் கோடு கீறிக்கொண்டிருந்தார்கள். பிறகு தலைகள் நிமிர்ந்தன, குனிந்தன, நிமிர்ந்தன. நான் முகங்களைப் பார்க்க வந்தேன். கிடைத்தது முப்பது உச்சி வகிடு. ஆனால் ஒருவரும் எழுந்து போகவில்லை, ஒருவரும் கதைக்கவில்லை. ரீச்சர் கையைக் கட்டி ஒதுங்கி நிற்கும்போது பேனைச் சத்தம் மட்டும் கேட்டது. பாடம் முடிந்தது. கைதட்டல் இல்லை. பின்வரிசை வாங்கிலிருந்து ஒரு பிள்ளை எழுந்தாள். “சேர், இன்னொருக்காப் போடுங்கோ,” என்றாள். அந்த வசனத்தைக் கேட்கத்தானே நான் இவ்வளவு காலம் காத்திருந்தேன். அவளுக்குக் கிட்டப் போய் ஏன் என்று கேட்டேன். “பேனை முடிஞ்சு போச்சு சேர்.”

இரண்டாம் முறையும் முழுதாகப் போட்டோம்.

சிவப்புப் பேனை

மூன்று பள்ளிக்கூடங்களும் ‘வேண்டும்’ என்று எழுதித் தந்தன. குச்சவெளிக் கடிதத்தின் அடியில், இப்போது பஸ் நின்று ஆட்களை ஏற்றிக்கொண்டு போகிறது என்று ஒரு வரி இருந்தது. மிச்ச ஆறு பாடத்துக்கும் ரீச்சர் ஆறு சாறி கட்டினார். அதில் இரண்டு கோயிலடியில் கிடைத்தவை. அந்தப் பாடங்களையும் கொப்பியில் எழுதி எழுதித்தான் வெட்டினேன். அடுத்தது கணிதமாம். அதற்கும் ஒரு கொப்பி வாங்கவேண்டும் என்று நினைத்துக்கொண்டு மேசைக்கு வந்தால், விஞ்ஞானக் கொப்பியைக் காணவில்லை.

இரண்டு நாள் கழித்து அது வைத்த இடத்திலேயே இருந்தது. ரீச்சர் தன் வகுப்புக் கொப்பிகளோடு சேர்த்து வீட்டுக்குக் கொண்டுபோயிருக்கிறார். பன்னிரண்டு பாடத்துக்கும் பக்கம் பக்கமாகச் சரி போட்டு, கலத்தின் படத்தில் நான் விட்ட ஒரு பிழையை வட்டமிட்டு, கடைசிப் பக்கத்தில் சிவப்புப் பேனையால் எழுதியிருந்தார்: “பாடம் விளங்கியுள்ளது. அவசரப்படாமல் எழுதவும்.”

இத்தனை வருடம் படம் வெட்டியதற்கு எனக்குக் கிடைத்த ஒரே விமர்சனம் இதுதான், அதிலும் ஒரு வட்டம் போட்டிருக்கிறது.