இன்னும் வெளிவராத கேம்

என் மனைவியின் குரல் அந்த லேப்டாப்பில் மட்டும்தான் இருந்தது. வளைகாப்பு அன்று எடுத்த வீடியோ. எடுத்த ஃபோன் பிறகு தண்ணீரில் விழுந்து கெட்டுப்போனது. கை நிறைய வளையல்களோடு, "மெல்லப் போடுங்கடி, ஒடச்சிப்புடாதீங்க" என்று சொல்லிச் சிரிப்பாள். பிரசவத்தில் போய்விட்டாள். அந்த வீடியோவைப் போட்டால்தான் எங்கள் மூன்று வயது மகள் சோற்றில் வாய் வைப்பாள். அம்மா மாதிரியே தலையைச் சாய்த்துச் சொல்லியும் காட்டுவாள்.

மனைவியின் தம்பி ஓசூரில் எங்களோடுதான் இருக்கிறான். கார் பாகம் செய்யும் கம்பெனியில் தகடு அழுத்தும் பிரஸ் மெஷின் ஓட்டுகிறான். கேம் பைத்தியம். ஒரு ஞாயிற்றுக்கிழமை நான் காய்கறி வாங்கி வந்தபோது லேப்டாப் முன்னால் பேயறைந்தவன் போல உட்கார்ந்திருந்தான். திரை முழுக்கச் சிவப்பு. எல்லா ஃபைல்களையும் பூட்டிவிட்டோம், பணம் கட்டினால் திறப்போம் என்று ஆங்கிலத்தில் மிரட்டியிருந்தார்கள்.

புது ரேஸ் கேம், முழு வெர்ஷன், இலவசம் என்று ஏதோ ஒரு தளத்தில் போட்டிருந்ததாம். கீழே கமெண்ட்டில் தமிழிலும் தெலுங்கிலும் நன்றி சொல்லியிருந்தார்களாம். கன்னடத்தில் ஒருவன் "சக்கத்தாகிதே குரு" என்று பாராட்டியிருந்தானாம். எல்லாம் நம் பக்கத்து ஆட்கள் என்று நம்பிவிட்டான்.

"வைரஸ்னு கம்ப்யூட்டர் சொல்லலியாடா?"

"கத்துச்சு மாமா. கை உள்ள போனா பிரஸ்ஸ நிறுத்துற சென்சாரும் இப்படித்தான் சும்மா சும்மா கத்தும். ஆஃப் பண்ணிட்டு ஓட்டுன்னு சூப்பர்வைசரே சொல்வாரு. அதான் இதையும் ஆஃப் பண்ணேன்."

இவனுக்குப் பத்து விரலும் மிச்சமிருப்பதே அதிசயம். பளாரென்று ஒன்று விட்டேன். அவன் தடுக்கவில்லை. "எங்கக்கா மாமா" என்று மட்டும் சொல்லி அழுதான். எனக்கு ஆத்திரம் அடங்கவில்லை. இன்றும் அடங்கவில்லை.

ரிப்பேர் கடை கடையாக அலைந்தேன். எல்லோரும் கையை விரித்தார்கள். ஒருவர் மட்டும் கேமின் பெயரைக் கேட்டுவிட்டு, "அது இன்னும் ரிலீஸே ஆகலீங்களே" என்றார்.

அதன் பிறகு மகள் சொல்லிக் காட்டுவதுதான் எங்களுக்கு மிச்சம். அவள் "மெல்லப் போடுங்கடி" என்றால், மச்சான் சாப்பாட்டை நிறுத்திவிட்டு அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பான்.

நேற்று சோறு ஊட்டும்போது, "அம்மா மாதிரி சொல்லு கண்ணு" என்றேன். தலையைச் சாய்த்தாள். வாயைத் திறந்தாள். அப்படியே என்னைப் பார்த்தாள்.

"நீயே சொல்லுப்பா. எனக்கு மறந்துபோச்சு."