பத்துத் தட்டும் ஒரே எடை

இறால் உரிப்பதில் என் கையை வெல்ல எங்கள் கம்பெனியில் ஆள் கிடையாது. தற்பெருமை என்று யாராவது சொன்னால் சொல்லிவிட்டுப் போகட்டும். நான் தலையைக் கிள்ளி, ஓட்டை உருவி, முதுகைக் கீறிக் குடலை எடுத்துத் தட்டில் போடும்போது, பக்கத்தில் நிற்பவள் அப்போதுதான் தலையைக் கிள்ளியிருப்பாள். தருவைகுளத்திலிருந்து கம்பெனி வேனில் வருகிற பெண்களில் எனக்கு வாயும் அதிகம், கையும் வேகம். வாய்க்காக என்னைச் சங்கச் செயலாளர் ஆக்கினார்கள். வம்பு வந்தது கையால்.

அமெரிக்காவில் இறால் இறக்குமதிக்கு வரியை ஏற்றியதும் எங்களுக்கு வந்துகொண்டிருந்த ஆர்டர் நின்றுபோனது. உறைய வைத்த இறால் பெட்டி பெட்டியாகக் கிடங்கில் கிடந்தது. ஹார்பருக்குப் போக வேண்டிய கன்டெய்னர் கம்பெனி வாசலிலேயே நின்று வெயில் காய்ந்தது. ஒரு சனிக்கிழமை மேனேஜர் எங்களைக் கூப்பிட்டுப் பேசினார். பாதிப் பேருக்குத்தான் இனி வேலை இருக்கும். அடுத்த ஒரு வாரம் ஒவ்வொருவர் தட்டையும் தனித்தனியாக எடை போடுவார்கள். கை வேகமானவர்கள் இருக்கலாம், மற்றவர்களை ஆர்டர் வந்ததும் கூப்பிடுவார்கள். அந்தக் கூப்பிடுதல் வரவே வராது என்று எங்கள் எல்லோருக்கும் தெரியும்.

அதுவரை எங்களுக்கு நாள் கூலி. யார் எவ்வளவு உரித்தோம் என்று ஒருவரும் பார்த்ததில்லை, மேசை மொத்தமாகத்தான் எடை போடுவார்கள். எங்கள் மேசையில் பத்துப் பேர். எனக்கு இடப்பக்கம் நிற்பவள் குலசேகரன்பட்டினத்து அக்கா. கட்டிக்கொடுத்தது மில்லர்புரத்தில் என்றாலும் ஊர்ப் பெயர்தான் அவளுக்கு நிலைத்தது. இருபது வருஷம் ஐஸ் தண்ணீரில் ஊறி அவளுக்கு விரல் முட்டெல்லாம் வீங்கிப்போயிருந்தது. லாரியிலிருந்து விழுந்து புருஷனுக்கு இடுப்பு போனபிறகு அவள் சம்பாதித்தால்தான் அந்த வீட்டில் உலை கொதிக்கும். தனித்தனியாக எடை போட்டால் எங்கள் மேசையில் முதலில் வெளியே போகப்போவது அவள்தான்.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும், துறைமுகத் தொழிலாளர் சங்கத்தின் அறையில் கூடினோம். அங்கே பொறுப்பில் இருந்த அண்ணாச்சி ஒருவர் எங்களுக்காகக் கதவைத் திறந்துவிடுவார். இளசுகள் எல்லாம் ஸ்டிரைக், ஸ்டிரைக் என்றார்கள்.

அண்ணாச்சி பொறுமையாகக் கேட்டுவிட்டுச் சொன்னார். "ஆர்டர் இல்லாத நேரத்துல ஸ்டிரைக் பண்ணுனா, மொதலாளிக்கு நாமளே லீவு குடுத்த மாதிரி ஆயிரும்மா. அவரு கேட்டப் பூட்டிட்டு நிம்மதியாத் தூங்குவாரு."

எனக்கு அவர்மேல் கோபம் கோபமாக வந்தது, ஏனென்றால் அவர் சொன்னது சரி. அந்தக் கோபத்திலேயே ஒரு யோசனை சொன்னேன். "எல்லாரும் மெதுவா உரிப்போம். அக்கா கை எந்த வேகமோ, அதான் எல்லார் கைக்கும் வேகம்." கை தட்டினார்கள். எனக்கே என்னை மெச்சத் தோன்றியது.

திங்கட்கிழமை காலையில் மேசை முன் நின்றேன். மெதுவாக, மெதுவாக என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டுதான் ஆரம்பித்தேன். இந்தக் கைக்குக் காது கிடையாது போலிருக்கிறது. பதினைந்து வருஷப் பழக்கம், அது பாட்டுக்கு ஓடிவிட்டது. எடை போடும்போது ஒன்பது தட்டு அடக்கமாக இருக்க, என் தட்டு மட்டும் கோபுரமாக நின்றது. சூப்பர்வைசர் பெண் என் டோக்கன் நம்பரை எழுதிக்கொண்டாள்.

"ஏளா, ஊருக்குத்தான் உபதேசமா?" என்று எதிரில் நின்றவள் கேட்டாள்.

மறுநாளும் என் கை அடங்கவில்லை, அதனால் வேறு வழி பார்த்தேன். உரித்ததில் இரண்டு கைப்பிடி அள்ளி, யாரும் பார்க்காதபோது அக்கா தட்டில் போட்டேன். அவள் அதை அப்படியே எடுத்து என் தட்டில் திருப்பிக் கொட்டினாள்.

"ஏளா, ஒன் பிச்ச எனக்கு வேண்டாம். என் கை உரிச்சது போதும்."

"என்னக்கா இப்பிடிப் பேசுதிய? வேல போயிருமேன்னுதான..."

"போனாப் போவுது."

நல்லது செய்யப் போய் வாங்கிக் கட்டிக்கொண்ட ஆத்திரம் எனக்கு. அன்று முழுக்க அவளோடு பேசவில்லை. சாயங்காலம் வீட்டுக்காரர் போன வள்ளம் கரைக்கு வந்தது, மீன் எடுக்கப் போனேன். விற்றதுபோக வீட்டுக்கு எடுக்கிற மீனை வழக்கம்போல மணலில் கூறு வைத்துக்கொண்டிருந்தார்கள். ஒருவர் முதுகைக் காட்டித் திரும்பி நின்றார். இன்னொருவர் ஒரு கூறைத் தொட்டு, "இது யாருக்கு?" என்றார். திரும்பி நின்றவர் ஒரு பெயரைச் சொன்னார். எந்தக் கூறு யாருக்குப் போகும் என்று தெரியாததால் வைக்கிறவர் எல்லாவற்றையும் சமமாகத்தான் வைத்தாக வேண்டும். அன்றைக்கு வலையை அதிகம் இழுத்தவன் யார் என்று அங்கே ஒருவரும் கேட்பதில்லை, வள்ளத்தில் ஏறிய எல்லோருக்கும் கூறு உண்டு. பிறந்ததிலிருந்து பார்க்கிற காட்சிதான், அன்றைக்குத்தான் எனக்கு உறைத்தது.

புதன்கிழமை மேசையில் எல்லோருக்கும் விஷயத்தைச் சொன்னேன். எடைக்கு முன் எப்படியும் இறாலை ஐஸ் தண்ணீரில் அலச வேண்டும். பத்துத் தட்டையும் ஒரே தொட்டியில் கொட்டி அலசினால் என்ன? பிறகு சமமாகக் கூறு வைப்பது, ஒருத்தி சுவரைப் பார்த்து நின்று டோக்கன் நம்பரைச் சொல்வது. எல்லோரும் அக்கா முகத்தைப் பார்த்தார்கள்.

"கூறுன்னாச் சரி. அது பிச்ச இல்ல," என்றாள் அவள்.

ஐஸ் எடுத்துவரப் போன சூப்பர்வைசர் பெண் அன்று ஏனோ வெகுநேரம் கழித்துத்தான் திரும்பினாள். அவளும் மீன்காரி மகள்தான். பத்துத் தட்டும் ஒரே எடையில் இருந்தன. மறுநாளே மற்ற மேசைகளும் இதைப் பிடித்துக்கொண்டன.

அதே வியாழக்கிழமை, ஒரு பெரிய இறாலின் கொம்பு கையுறையைத் துளைத்து என் வலது கட்டைவிரலில் ஏறியது. தினமும் குத்துவதுதான் என்று விட்டுவிட்டேன். வெள்ளிக்கிழமை காலையில் விரல் வீங்கி வாழைப்பழமாக நின்றது. ஆஸ்பத்திரிக்குப் போனால் எடை வாரத்தில் லீவு போட்டவள் ஆவேன். இடது கையால் தடவித் தடவி உரித்தேன், என் தட்டின் அடிப்பாகமே மறையவில்லை. எனக்கு அழுகை வந்தது. வலியால் இல்லை, அவமானத்தால். அக்கா என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. சாயங்காலம் சுவரைப் பார்த்து நின்று நம்பர் சொன்னவள் அவள்தான். முதலாவதாக என் நம்பரைச் சொன்னாள்.

சனிக்கிழமை மேனேஜர் என்னைத் தனியாகக் கூப்பிட்டார். வலது கையை, வேலைக்குப் போடுகிற வெள்ளைக் கோட்டின் பைக்குள் விட்டுக்கொண்டு போய் நின்றேன்.

"எல்லாத் தட்டும் ஒரே எடை. என்ன நடக்குதுன்னு எனக்குத் தெரியும்," என்றார். "ஆனா திங்கட்கிழமை உங்க தட்டப் பாத்தேன். உங்க கை எங்களுக்கு வேணும். நீங்க இருங்க, உங்க மேசைல மெதுவா செய்யுற அஞ்சு பேரு நம்பர மட்டும் சொல்லுங்க."

கையை எடுத்து அவர் மேசைமேல் வைத்தேன். விரலில் சுற்றியிருந்த துணிக்கட்டு சீழில் மஞ்சளாக நனைந்திருந்தது.

"இந்தக் கையா சார்? நேத்து முழுக்க இது ஒரு தட்டுக்குக்கூட உரிக்கல. மெதுவா செய்யுற நம்பர்னா மொதல்ல என் நம்பரத்தான் எழுதணும்."

நான் விடவில்லை. "நாளைக்கு ஆர்டர் வந்தா இத்தன கைக்கு எங்க போவீய? பக்கத்துக் கம்பெனிக்காரன் கூட்டிட்டுப் போயிருவான். இருக்க வேலைய எல்லாருக்கும் முறை வச்சுக் குடுங்க. ஒரு நாள் விட்டு ஒரு நாள் வாரோம். ஒருத்திகூட வெளிய போக மாட்டா."

முதலாளியிடம் கேட்டுச் சொல்வதாகச் சொன்னார். நான்கு நாள் இழுத்தடித்து ஒத்துக்கொண்டார்கள்.

பாதி நாள் வேலையில் குடும்பம் நடத்துவது லேசு என்று நான் பொய் சொல்ல மாட்டேன். திட்டிக்கொண்டேதான் நடத்தினோம். இப்போது வேறு நாட்டிலிருந்து ஆர்டர் வருகிறது, வாரத்தில் நான்கு நாள் வேலை இருக்கிறது. எங்கள் மேசையில் இன்றைக்கும் பத்துப் பேர்.

என் கட்டைவிரல்தான் அதன்பிறகு முழுசாக மடங்கவில்லை. என் கையை வெல்ல ஆள் கிடையாது என்று ஆரம்பத்தில் சொன்னேனே, அது அந்த வியாழக்கிழமை வரைக்கும்தான். இப்போது அக்காவுக்கும் எனக்கும் ஒரே வேகம். சில நாள் அவள் கொஞ்சம் முந்திக்கொள்கிறாள்.